ஆறாயிரம்

பாகாவ் நீதிமன்றத்தில் நான்
இரண்டு மொழிகளுக்கு நடுவில் போட்ட நாற்காலி.
கூண்டில் நிற்பவர் தமிழில் அழுதால்
நான் மலாயில் அழக்கூடாது.
அழுகிறார் என்று சொல்லவும் வேண்டியதில்லை,
மாஜிஸ்திரேட்டுக்கே தெரியும்.

வாதி பச்சையம்மா, எண்ணெய் ஆலை வாசலில் இடியப்பம் விற்பவர்.
பிரதிவாதி தனபாலன், செம்பனைக் குலை ஏற்றும் லாரிக்காரர்.
இருவருக்கும் நடுவில் ஒரு புரோநோட்டு:
கணக்குப் புத்தகத்தில் கிழித்த தாள்,
மூலையில் முத்திரைத்தலை,
அதன்மேல் மஞ்சள் பட்ட விரலின் கறை.
பி-1 என்று சிவப்பு மையில் எழுதி
என் மேசைக்கு வந்தது.

எதிர்த்தரப்பு வக்கீல் ரஸ்லான் கேட்டார்:
வட்டி எவ்வளவு, உரிமம் உண்டா?
"வட்டியா? கைமாத்துங்க அது."

கைமாத்து.
மலாயில் பிஞ்சாமான் என்று ஒரு சொல் இருக்கிறது,
கதவில் சிவப்புச் சாயம் ஊற்றும் ஆலோங்கும்
அதைத்தான் சொல்வான்.
மூன்று விநாடி எடுத்துக்கொண்டேன்.
நட்புக்காகக் கொடுத்த கடன், என்றேன்.
ரஸ்லான் எழுந்தார்: நட்பு என்று சாட்சி சொன்னாரா?
சொல்லவில்லை, துவான். சொல்லுக்குள் இருந்தது.
மாஜிஸ்திரேட்டின் பேனா அசைந்தது.
என்ன எழுதினார் என்று தெரியாது.

பிறகு தனபாலன்.
அது என் எழுத்து இல்லை. அந்தத் தாளை நான் கண்டதே இல்லை.
இடியப்பக் கணக்கில்கூடப் பாக்கி வைத்ததில்லை.

புரோநோட்டைத் தலைகீழாகப் பிடித்திருந்த லிம்,
வாதியின் வக்கீல், சின்னப் பையன்,
எழுதிக் காட்டச் சொல்லுங்கள் என்றார்.
முழு வாசகத்தையும்.

எழுதினார். காற்றாடியில் தாள் பறக்காமல்
ஓரத்தைப் பிடித்துக்கொண்டு நான் நின்றேன்.
பச்சையம்மாளிடம் இன்று ரொக்கமாகப் பெற்றுக்கொண்ட வெள்ளி ஆ
வரை வந்தது.
அடுத்த எழுத்தில்
றகரத்தின் காலை விட்டு எடுபடாத பேனா
கீழே இறங்கி
உள்ளே சுழிக்கப் போனது.
பாதி வளைவு.
நின்றது.
பேனாவைத் தூக்கி, துணைக்காலைத் தள்ளி வைத்தார்,
இப்போது பிள்ளைகள் எழுதுவதுபோல.

பி-1இல் இருப்பது சுழித்த றா.
இரண்டாம் வகுப்பில் நான் படித்து
மூன்றாம் வகுப்பில் அழித்து எழுதச் சொன்ன றா.
அவருக்கும் என் வயதுதான் இருக்கும்.

நிமிர்ந்தார்.
நான் பார்த்துவிட்டதை அவர் பார்த்தார்.

என்ன எழுதியிருக்கிறார், என்றார் மாஜிஸ்திரேட்.
ஆறாயிரம், புவான்.
வேறு ஏதாவது, என்று அவர் கேட்கவில்லை.
கேட்டிருந்தாலும்
நான் சாட்சி இல்லை. சத்தியம் செய்தது சொற்களுக்கு.
ஒரு பேனா தயங்கியதை
எந்த மொழியிலிருந்து எந்த மொழிக்கு மாற்றுவது?

லிம் இரண்டு தாளையும் அருகருகே வைத்துப் பார்த்தார்,
அவருக்கு இரண்டும் கோலம்.
படிக்கத் தெரியாத பச்சையம்மா
பின்வரிசை பெஞ்சிலிருந்தே சொன்னார்:
"எழுதுனது நீதானே பாலா.
எனக்கு எழுதத் தெரிஞ்சிருந்தா
ஒங்கிட்ட ஏன் பேனாவக் குடுக்கப்போறேன்?"
மொழிபெயர்க்க வேண்டாம் என்று
மாஜிஸ்திரேட் கை காட்டினார்.

புதுத் தாளுக்கு பி-2 என்று குறியிட்டு
பி-1இன் மேல் கவிழ்த்து வைத்தேன்,
எழுத்தும் எழுத்தும் முகம் பார்க்கும்படி.
அதற்குமேல் என் கையில் ஒன்றும் இல்லை.
தமிழ் தெரிந்த கையெழுத்து நிபுணர் வரவேண்டும்.
அடுத்த மாதம் பதினேழு.

தேதியைத் தமிழில் அறிவிப்பதும் என் வேலை.
வழக்குக்குத் தவணை கொடுத்திருக்கிறார்கள், என்றேன்,
இருவருக்கும் பொதுவாக.

பச்சையம்மா எழுந்து முந்தானையைச் சரிசெய்தார்.
"தவணையா? சரிங்க.
மாசம் எவ்வளவு கட்டுவாராம்?"